உயிரற்ற பொருள் தன் விரிசலைத் தானே மூடிக்கொள்ளுமா?

தானாகவே விரிசலை மூடிக்கொள்ளும் கான்கிரீட், வெட்டிய இடத்தில் மீண்டும் ஒட்டிக்கொள்ளும் ரப்பர், உடைந்த பிறகு இணைந்துகொண்ட உலோகம் என்று செய்திகள் வந்துகொண்டே இருக்கின்றன. இவை உண்மைதானா, உண்மையென்றால் இன்னும் இருபது ஆண்டுகளில் கைபேசித் திரை முதல் பாலம் வரை எதையும் பழுதுபார்க்க வேண்டியிருக்காதா என்று கேட்டிருக்கிறீர்கள். இதற்குள் இன்னொரு கேள்வியும் இருப்பதாக எனக்குப் படுகிறது. தோலில் பட்ட காயம் ஆறுவதை நாம் யாரும் வியப்பதில்லை. அங்கே இரத்தம் ஓடுகிறது, செல்கள் பெருகுகின்றன, உடலின் மற்ற பகுதிகளிலிருந்து வேண்டியதெல்லாம் வந்து சேர்கிறது. இவற்றில் எதுவுமே இல்லாத ஒரு பிளாஸ்டிக் துண்டு, தனக்கு அடிபட்டதை எப்படி அறிகிறது? மருந்தை எங்கிருந்து எடுக்கிறது? இதற்கு விடை தெரிந்துவிட்டால், செய்திகளில் எதை நம்பலாம் என்பதை நீங்களே பிரித்துக்கொள்ள முடியும் என்பதால், அங்கிருந்தே தொடங்குகிறேன். என் பயிற்சி பாலிமர் வேதியியலில், அதாவது பிளாஸ்டிக், ரப்பர், பிசின் போன்ற நீண்ட சங்கிலி மூலக்கூறுகளால் ஆன பொருள்களின் வேதியியலில். பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாகப் பிசின்களை உடைத்துப் பார்த்து, அவை உடையும் விதத்தை அளப்பதே என் வேலை. ஆகவே பாலிமர்களைப் பற்றிக் கைப்பழக்கத்திலிருந்தும், கான்கிரீட்டையும் உலோகத்தையும் பற்றி வெளியான ஆய்வுகளைப் படித்த அளவிலும் எழுதுகிறேன்.

விரிசல் என்பது வெறும் இடைவெளி. அது மூட வேண்டுமென்றால் ஏதாவது ஒரு பொருள் நகர்ந்து அந்த இடத்துக்கு வந்தாக வேண்டும். வந்த பிறகு இரு கரைகளோடும் பிணைய வேண்டும். ஆனால் ஒரு பொருளை நாம் உறுதியானது என்று சொல்வதற்குக் காரணமே, அதன் அணுக்களும் மூலக்கூறுகளும் இருந்த இடத்தை விட்டு எளிதில் நகராமல் இருப்பதுதான். நகர்ந்தால்தான் ஆறும், நகராவிட்டால்தான் தாங்கும் என்ற இந்த முரண்பாடுதான் இந்தத் துறை முழுவதற்கும் அடிப்படை. இதுவரை வந்த ஒவ்வொரு கண்டுபிடிப்பும் இந்த முரண்பாட்டோடு ஏதோ ஒரு வகையில் செய்துகொண்ட உடன்பாடுதான். எந்த உடன்பாட்டுக்கும் ஒரு விலை உண்டு.

முதல் வழி, நகரக்கூடிய திரவத்தைத் தனியே அடைத்து வைப்பது. 2001ஆம் ஆண்டு அமெரிக்காவின் இல்லினாய் பல்கலைக்கழகத்தில் ஸ்காட் ஒயிட், நான்சி சாட்டோஸ் ஆகியோரின் குழு வெளியிட்ட ஆய்வுதான் இதைப் பரவலாக அறியச் செய்தது. எப்பாக்ஸி என்ற, இரு பகுதிகளைக் கலந்தால் இறுகும் பிசினுக்குள், ஒரு மில்லிமீட்டரில் ஐந்தில் ஒரு பங்கு அளவேயுள்ள நுண்ணுறைகளைக் கலந்தார்கள். ஒவ்வோர் உறைக்குள்ளும் டைசைக்ளோபென்டாடையீன் என்ற திரவம் இருந்தது. அந்தத் திரவத்தைக் கெட்டியாக்கக்கூடிய கிரப்ஸ் வினையூக்கி, பிசின் முழுவதும் தூளாகத் தூவப்பட்டிருந்தது. விரிசல் ஓடும்போது வழியில் உள்ள உறைகளைக் கிழிக்கிறது. திரவம் ஒழுகி, குறுகிய இடைவெளிக்குள் தானாகவே உறிஞ்சப்படுகிறது. வினையூக்கியைத் தொட்டதும் இறுகிவிடுகிறது. அறை வெப்பநிலையில் 48 மணி நேரம் கழித்து மறுபடி உடைத்துப் பார்த்தபோது, விரிசலை எதிர்க்கும் திறனில் 75 சதவீதம் வரை திரும்பியிருந்தது. நீங்கள் கேட்ட "எப்படி அறிகிறது" என்பதற்கு இங்கே விடை இருக்கிறது. பொருளுக்கு எந்த உணர்வும் தேவையில்லை. அடியே கதவைத் திறக்கும்படி கதவை அடியின் பாதையில் வைத்திருக்கிறார்கள்.

சொல்வதற்கு எளிதாக இருக்கும் இது, செய்யும்போது எவ்வளவு நுணுக்கமானது என்பதை ஆய்வு மேசையில்தான் உணர முடியும். உறையின் சுவர் ஒரு மைக்ரானில் (மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு) ஐந்தில் ஒரு பங்கு தடிமன்தான் இருக்கும். அதைவிட மெலிதானால், பிசினோடு கலக்கும்போதே உறைகள் உடைந்து, திரவம் வீணாகிவிடும். தடித்துப்போனால் விரிசல் உறையைக் கிழிக்காமல் அதைச் சுற்றிக்கொண்டு போய்விடும். உறை, சுற்றியுள்ள பிசினைவிடச் சற்று மென்மையாகவும் அதோடு நன்றாக ஒட்டியும் இருந்தால்தான் விரிசல் அதை நோக்கி இழுக்கப்படும். உடைந்த பரப்பை மின்னணு நுண்ணோக்கியில் வைத்தால், நன்றாக வேலை செய்த மாதிரியில், பாதியாகப் பிளந்த முட்டை ஓடுகளைப் போல வரிசையாகக் குழிகளும், அவற்றிலிருந்து வழிந்து பரவி இறுகிய மெல்லிய ஏடும் தெரியும். வேலை செய்யாத மாதிரியில் குழிகள் வழவழப்பாக, உறை முழுதாகக் கழன்று வந்த தடத்தோடு இருக்கும். இந்த இரண்டாவது காட்சியைத்தான் நான் என் முதல் ஆண்டு முழுவதும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இன்னொரு சிக்கலையும் சொல்ல வேண்டும். எப்பாக்ஸியை இறுக வைக்கும் அமீன் வகைப் பொருள், கிரப்ஸ் வினையூக்கியைக் கொஞ்சம் கொஞ்சமாகச் செயலிழக்கச் செய்யும். எங்கள் ஆய்வகத்தில் ஒருமுறை, செய்தவுடன் சோதித்த துண்டுகள் அழகாக ஒட்டிக்கொண்டன. அதே கலவையில் செய்து சில மாதங்கள் அலமாரியில் வைத்திருந்த துண்டுகளை உடைத்தபோது, திரவம் விரிசல் முழுவதும் ஈரமாகப் பரவியிருந்தும் இறுகவேயில்லை. வினையூக்கியை மெழுகுக்குள் பொதிந்து காப்பாற்றலாம் என்பதை மற்றவர்கள் முன்பே காட்டியிருந்தார்கள். நாங்களும் அதைச் செய்து ஓரளவு மீண்டோம். ஆனால் அந்த ஈரமான விரிசல் எனக்கு ஒன்றைப் புரியவைத்தது: ஒரு பாலத்திலோ விமான இறக்கையிலோ இந்தப் பொருள் பதினைந்து ஆண்டுகள் சும்மா கிடந்துவிட்டு, பதினாறாம் ஆண்டில் ஒரு நாள் வேலை செய்ய வேண்டும். ஆய்வறிக்கைகளில் வரும் 75 சதவீதம், 90 சதவீதம் போன்ற எண்களில் பெரும்பாலானவை புதிதாகச் செய்த மாதிரிகளில் அளந்தவை. அவை பொய்யல்ல, அவை வேறொரு கேள்விக்கான விடைகள்.

உறைகளுக்கு வேறொரு குறையும் உண்டு: ஒருமுறை கிழிந்த உறை தீர்ந்துபோன உறைதான். அதே இடத்தில் மறுபடி விரிசல் வந்தால் மருந்து இல்லை. இதற்காகவே 2007இல் அதே இல்லினாய் குழு, தோலுக்கு அடியில் இரத்தக் குழாய்கள் ஓடுவதைப் போல, மேற்பூச்சுக்கு அடியில் நுண்குழாய் வலை ஒன்றை அமைத்து, ஒரே விரிசல் ஏழு முறை வரை ஆறியதைக் காட்டியது. 2014இல், சில சென்டிமீட்டர் அகலமுள்ள ஓட்டையையே இரு வகைத் திரவங்களை அனுப்பி நிரப்பிக் காட்டினார்கள். திரவம் முதலில் கூழாகி, வழிந்து விழாமல் நின்று, பிறகு கெட்டியானது. இதை நான் மிகவும் மதிக்கிறேன். ஆனால் குழாய் என்றால் பம்பு வேண்டும், தொட்டி வேண்டும், அடைப்பு வராமல் பார்க்க வேண்டும். சுமை தாங்க வேண்டிய பொருளுக்குள் அத்தனை வெற்றிடங்களை விட்டுவைக்க வேண்டும்.

இரண்டாவது வழி, மருந்தை எங்கும் அடைத்து வைக்காமல், பொருளின் பிணைப்புகளையே விட்டுப் பிடிக்கக்கூடியவையாக அமைப்பது. 2002இல் ஃபிரெட் உட்ல் குழு செய்த ஒரு கெட்டியான பாலிமரில், 120 டிகிரி செல்சியஸுக்கு மேல் சூடாக்கினால் மூலக்கூறுகளை ஒன்றோடொன்று கட்டும் குறுக்குப் பிணைப்புகளில் சுமார் 30 சதவீதம் அவிழும். சூடு தணியும்போது மறுபடி கோத்துக்கொள்ளும். வினையூக்கி வேண்டாம், கூடுதல் திரவம் வேண்டாம், பல முறை செய்யலாம். ஆனால் சூடாக்குவதற்கு ஒருவர் வேண்டும். 2008இல் பாரிஸில் லூடவிக் லீப்ளர் குழு செய்த ரப்பருக்கு அதுகூடத் தேவைப்படவில்லை. கொழுப்பு அமிலங்களிலிருந்தும் யூரியாவிலிருந்தும் செய்யப்பட்ட அந்தப் பொருளில், மூலக்கூறுகள் வலிமை குறைந்த ஹைட்ரஜன் பிணைப்புகளால் ஒன்றையொன்று பற்றிக்கொண்டிருக்கும். கத்தியால் வெட்டினால் முதலில் விடுபடுவது அந்தப் பிணைப்புகள்தான். வெட்டுமுகம் முழுவதும் துணை தேடும் முனைகள் நிற்கும். இரு முகங்களையும் சேர்த்து வைத்தால், அறை வெப்பநிலையிலேயே அவை எதிர்ப்பக்கத்து முனைகளைப் பற்றிக்கொள்ளும். சேர்த்து வைத்திருக்கும் நேரம் கூடக்கூட ஒட்டுதலும் கூடும். ஆனால் வெட்டிய துண்டுகளை நெடுநேரம் தனித்தனியே விட்டுவிட்டால், ஒரே பக்கத்து முனைகள் தமக்குள்ளேயே இணைந்துகொண்டு, ஒட்டும் ஆற்றலை மெல்ல இழந்துவிடும். இதே வகையைச் சேர்ந்த மென்மையான பொருள் ஒன்றை நான் கையாண்டிருக்கிறேன். வெட்டி, ஒட்டி, இழுத்துப் பார்க்கும்போது முன்பு வெட்டிய இடத்தைக் கண்ணால் கண்டுபிடிக்க முடியாது. வேறோர் இடத்தில் அது அறுவதைப் பார்த்த நாள் இன்னும் நினைவிருக்கிறது. எனினும், விரலால் அழுத்தினால் குழியும் அளவுக்கு மென்மையான பொருள் அது. அதைக் கொண்டு நாற்காலியின் காலைக்கூடச் செய்ய முடியாது.

கெட்டியாகவும் இருந்து, அறை வெப்பநிலையில் ஒட்டவும் செய்யுமா என்பதற்கு, டோக்கியோ பல்கலைக்கழகத்தின் டகுசோ ஐடா குழு 2017இன் இறுதியில் நல்ல விடை ஒன்றைத் தந்தது. தையோயூரியா கொண்ட அந்தப் பாலிமர், கையால் அழுத்திப் பிடித்தால் 21 டிகிரி வெப்பநிலையிலேயே ஒட்டியது. உங்கள் கைபேசிக் கேள்விக்கு மூலம் அநேகமாக இந்தச் செய்தியாகத்தான் இருக்கும், ஏனென்றால் பல இதழ்கள் இதைத் தானே ஒட்டிக்கொள்ளும் கண்ணாடி என்று எழுதி, உடையாத திரைகள் வரப்போவதாகச் சொல்லின. அறிவியலில் கண்ணாடி நிலை என்பது அணுக்கள் ஒழுங்கின்றி உறைந்த எந்தத் திண்மத்தையும் குறிக்கும். ஐடா குழு செய்தது அந்த அர்த்தத்தில்தான் கண்ணாடி. நம் திரையில் இருப்பது சிலிக்காவை அடிப்படையாகக் கொண்ட வேறொரு பொருள். அதன் அணுக்கள் அறை வெப்பநிலையில் நகரவே நகராது, அதைக் கெட்டியாக்குவதே அந்த நகராமைதான். அது விரிசல் விட்ட கணமே காற்றிலுள்ள ஈரம் உடைந்த முகங்களில் போய் ஒட்டிக்கொள்கிறது. ஆகவே சிலிக்கா கண்ணாடித் திரை தானாக ஒட்டிக்கொள்ளும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. திரையின் மேல் பூசப்படும் பாலிமர் பூச்சில் நகக்கீறல்கள் மறையலாம். அது இன்றே முடியும், காரின் மேற்பூச்சுகளில் ஏற்கெனவே செய்தும் விற்றிருக்கிறார்கள். அங்கே நடப்பது பெரும்பாலும் அழுந்திய பாலிமர் வெயிலின் சூட்டில் நிமிர்ந்துகொள்வதுதான். பூச்சைத் தாண்டி இரும்பைத் தொட்ட கீறலுக்கு அதில் தீர்வு இல்லை.

கான்கிரீட்டின் கதை வேறு. எனக்கு அதில்தான் நம்பிக்கை அதிகம். எந்தக் கான்கிரீட்டுக்கும் இந்தக் குணம் கொஞ்சம் இயல்பாகவே உண்டு. வினைபுரியாமல் எஞ்சிய சிமென்ட் துகள்கள் நீர் பட்டதும் மறுபடி வினைபுரியும். கரைந்த சுண்ணாம்பு காற்றிலுள்ள கார்பன் டை ஆக்சைடோடு சேர்ந்து கால்சியம் கார்பனேட்டாகப் படியும். பழைய நீர்த்தொட்டிச் சுவர்களில் விரிசலின் வழியே வெள்ளைக் கோடு படிந்திருப்பதைப் பார்த்திருப்பீர்கள். ஆனால் இது ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒன்று, மிஞ்சினால் இரண்டு பங்கு அகலமுள்ள விரிசல்களோடு நின்றுவிடும். நெதர்லாந்தின் டெல்ஃப்ட் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் ஹெங்க் யோங்கர்ஸ் 2006 முதல் செய்துவந்தது, அந்த எல்லையைப் பாக்டீரியாவின் துணையோடு நீட்டும் வேலை. காரத்தன்மையைத் தாங்கும் பேசில்லஸ் வகைப் பாக்டீரியாவின் உறங்கும் வித்துகளையும், அவற்றுக்கு உணவாகக் கால்சியம் லாக்டேட்டையும் கான்கிரீட்டில் கலப்பார்கள். விரிசல் வழியே நீரும் காற்றும் புகுந்தால் வித்துகள் விழிக்கும், உணவை உண்ணும், சுண்ணாம்புக்கல்லை உருவாக்கும். அரை மில்லிமீட்டர் அகலமுள்ள விரிசல்கள் அடைபட்டதை ஆய்வகங்களில் பலமுறை பார்த்திருக்கிறார்கள்.

இந்த வித்துகள் 200 ஆண்டுகள் வரை உயிரோடு இருக்கும் என்ற வாக்கியத்தையும் நீங்கள் படித்திருக்கலாம். உலர்ந்த வித்துகள் நெடுங்காலம் உயிர் தாங்கும் என்பது சரி. ஆனால் கான்கிரீட்டுக்குள் நிலைமை கடினமானது. சிமென்ட் இறுக இறுக அதன் நுண்துளைகள் ஒரு மைக்ரானுக்கும் கீழே சுருங்கி, ஏறத்தாழ அதே அளவுள்ள வித்துகளை நசுக்கிவிடும். பாதுகாப்பின்றிக் கலந்த வித்துகள் சுமார் நான்கு மாதம்தான் தாங்கின என்பதை யோங்கர்ஸ் குழுவே 2010இல் வெளியிட்டது. அதனால்தான் பிறகு அவற்றைச் சுட்ட களிமண் உருண்டைகளுக்குள் வைத்துக் கலந்தார்கள். உருண்டைகள் கூடினால் கான்கிரீட்டின் வலிமை குறையும். அத்துடன், இந்த வழியில் திரும்ப வருவது முக்கியமாக நீர்புகாத் தன்மை. இழந்த வலிமை முழுவதும் திரும்பாது. இதைக் குறையாக நினைக்க வேண்டாம். கான்கிரீட் கட்டுமானங்கள் கெடுவதற்குப் பெரும்பாலும் காரணம், நுண்விரிசல் வழியே நீரும் உப்பும் இறங்கி உள்ளிருக்கும் கம்பியைத் துருப்பிடிக்க வைப்பதுதான். துரு பருத்து, கான்கிரீட்டைப் பிளக்கும். வழியை அடைத்தாலே பாதி வேலை முடிந்தது.

ரோமானியர்களின் சுவர்களைப் பற்றியும் ஒரு சொல். அவர்களின் காரையில் காணப்படும் வெள்ளைச் சுண்ணாம்புக் கட்டிகளைச் சரியாகக் கலக்காததன் அடையாளம் என்றே நெடுநாள் நினைத்திருந்தார்கள். 2023இல் அமெரிக்காவின் எம்ஐடி பல்கலைக்கழகத்தின் அட்மிர் மாசிக் குழு, இத்தாலியின் பிரிவெர்னம் நகரச் சுவரிலிருந்து எடுத்த மாதிரிகளை ஆராய்ந்து, நீற்றாத சுண்ணாம்பைச் சூடாகக் கலந்ததால்தான் அந்தக் கட்டிகள் உருவாயின, விரிசல் வரும்போது அவைதான் கரைந்து அடைக்கின்றன என்று வாதிட்டது. அதே முறையில் செய்த புதிய மாதிரிகளில் அரை மில்லிமீட்டர் விரிசலை இரண்டு வாரத்தில் நீர் கடக்க முடியாமல் போனது. அந்தச் சோதனை முடிவு உறுதியானது. ரோமானியர்கள் இதை அறிந்தே செய்தார்கள் என்பது அதே அளவுக்கு உறுதியானதல்ல; சுவர்கள் நிலைத்து நின்றதற்கு எரிமலைச் சாம்பலும், துருப்பிடிக்கக் கம்பியே இல்லாததும் எவ்வளவு காரணம் என்பதையும் சேர்த்தே எடைபோட வேண்டும்.

உடைந்த உலோகம் இணைந்துகொண்ட செய்தியும் உண்மை. 2023 ஜூலையில் அமெரிக்காவின் சாண்டியா தேசிய ஆய்வகமும் டெக்சாஸ் ஏ அண்டு எம் பல்கலைக்கழகமும் வெளியிட்ட அந்த ஆய்வில், 40 நானோமீட்டர் (ஒரு நானோமீட்டர் என்பது மைக்ரானில் ஆயிரத்தில் ஒரு பங்கு) தடிமனுள்ள பிளாட்டினத் தகட்டை விநாடிக்கு 200 முறை இழுத்தார்கள். சுமார் 40 நிமிடத்துக்குப் பிறகு, விரிசலின் நுனியில் 18 நானோமீட்டர் நீளம் தானாகவே மூடிக்கொண்டது. அந்த ஆய்வில் பங்கேற்ற மைக்கேல் டெம்கோவிட்ஸ் பத்து ஆண்டுகளுக்கு முன்பே கணக்கிட்டுச் சொன்னதைக் கண்ணால் பார்த்த தருணம் அது. உலோகச் சோர்வைப் பற்றிய, அதாவது திரும்பத் திரும்ப இழுபடும் உலோகத்தில் விரிசல் வளர்வதைப் பற்றிய பாடப்புத்தகக் கருத்தையே அது அசைத்தது. ஆனால் அது நடந்தது வெற்றிடத்தில். காற்றில் பெரும்பாலான உலோகங்களின் உடைந்த முகத்தை ஆக்சைடு உடனே மூடிவிடும், முகமும் முகமும் தொட்டாலும் உலோகத்தை உலோகம் தொடாது. 18 நானோமீட்டர் என்பது தலைமுடியின் தடிமனில் சில ஆயிரத்தில் ஒரு பங்கு. அறிவாக இது பெரிது. பாலத்துக்கு இது மருந்தாக இன்னும் வெகுதூரம் இருக்கிறது.

இவ்வளவு நிபந்தனைகளைச் சொன்ன பிறகு, இவையெல்லாம் ஆய்வகத்தோடு நின்றுவிடும் என்று நீங்கள் நினைத்துவிடக் கூடாது. உண்மையில் தானாகச் சீராகும் பொருள்களோடு நாம் பல தலைமுறைகளாக வாழ்ந்துகொண்டிருக்கிறோம். துருப்பிடிக்காத எஃகில் உள்ள குரோமியம், சில நானோமீட்டர் தடிமனுள்ள ஆக்சைடு ஏட்டை மேலே விரித்திருக்கும். கரண்டியைச் சாம்பலால் தேய்த்தால் ஏடு கிழியும், காற்றிலுள்ள ஆக்சிஜன் அதை உடனே மறுபடி நெய்துவிடும். இரண்டாம் உலகப்போர் விமானங்களின் எரிபொருள் தொட்டிச் சுவருக்குள் பதப்படுத்தாத இயற்கை ரப்பர் அடுக்கு ஒன்று இருந்தது. குண்டு துளைத்ததும் பெட்ரோல் பட்டு அது ஊதி, ஓட்டையை அடைத்தது. மின்விசிறியில் இருக்கும், மின்னூட்டத்தைத் தேக்கிவைக்கும் படலக் கெப்பாசிட்டரில் எங்காவது மின்கசிவு ஏற்பட்டால், அந்தப் புள்ளியைச் சுற்றியுள்ள மெல்லிய உலோகப்பூச்சு ஆவியாகி, கெட்ட இடத்தைத் தனிமைப்படுத்திவிடும். இம்மூன்றும் வென்றதற்குக் காரணம், ஒவ்வொன்றும் ஒரே ஒரு வகைச் சேதத்தை மட்டும் எதிர்பார்த்துச் செய்யப்பட்டதும், மருந்தையோ ஆற்றலையோ சேதம் நடக்கும் இடமே கொடுத்ததும்தான்.

ஆகவே இத்தகைய செய்தி ஒன்றை அடுத்தமுறை படிக்கும்போது, மூடிய விரிசலின் அகலம் எவ்வளவு, அதே இடத்தில் எத்தனை முறை மூடியது, சூடோ ஈரமோ அழுத்தமோ யார் கொடுத்தது, திரும்பி வந்தது தோற்றமா, நீர்புகாமையா, வலிமையா என்று பாருங்கள். பொருளின் வயதையும் பாருங்கள். அநேகமாக அதைச் சொல்லியிருக்க மாட்டார்கள்.

இருபது ஆண்டுக் கேள்விக்கு என் விடை இது. பழுதுபார்ப்பு மறையாது. பெரிய உடைப்பைத் தானாக இணைக்கும் கட்டுமானப் பொருள் எதுவும் அன்றாடப் பயன்பாட்டுக்கு வரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. ஆனால் பெரிய உடைப்புகள் பெரிதாகவே பிறப்பதில்லை. கண்ணுக்குத் தெரியாத விரிசல் ஆண்டுக்கணக்கில் வளர்ந்துதான் அந்த நிலைக்கு வருகிறது. அந்த வளர்ச்சியைத் தொடக்கத்திலேயே தடுப்பதில்தான் இந்தப் பொருள்கள் வல்லவை. அதனால் மனிதக் கை எளிதில் எட்டாத இடங்களில்தான் இவை முதலில் நிலைக்கும் என்று கருதுகிறேன்: நிலத்தடிச் சுரங்கச் சுவர், கடலில் நிற்கும் காற்றாலையின் இறக்கை, புதைத்த குழாயின் மேற்பூச்சு. துரு தடுக்கும் பூச்சு இவற்றில் முந்திக்கொள்ளும், ஏனென்றால் அங்கே வலிமை திரும்ப வேண்டியதில்லை. ஆளிவிதை எண்ணெயைப் போல, காற்றுப் பட்டாலே இறுகும் ஓர் எண்ணெயை உறைகளில் அடைத்துப் பூச்சில் கலந்தால் போதும், வினையூக்கி கெட்டுப்போகும் தொல்லையே இல்லை. அப்படிப் பூசிய எஃகுத் தகட்டில் கத்தியால் பெருக்கல் குறி கீறி, உப்புநீர்ப் புகையில் சில வாரம் வைத்து எடுத்தால், சாதாரணப் பூச்சுள்ள தகட்டில் கீறலின் இருபுறமும் செம்பழுப்பு பரவியிருக்கும். பக்கத்துத் தகட்டில் கீறல் கீறலாக மட்டும் இருக்கும். இப்போது என் மேசைக்கு வரும் மாதிரிகள் இத்தகையவைதான், அவற்றில் ஒரு பகுதியை வெயிலிலும் மழையிலும் போட்டுவைத்து ஆண்டுக்கொருமுறை எடுத்துக் கீறிப் பார்க்கிறோம்.